பசங்க நாடகத்துல என்ன கேவலம்?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்,

தாராவி பொங்கல் விழாவுல நம்ம பசங்க போட்ட "நள்ளிரவில் தாராவி" காமெடி நாடகத்தைப் பத்தி, நம்ம ஏரியாவை நாமளே கேவலப்படுத்தலாமான்னு ஒரு வாசகர் போன வாரம் எழுதியிருந்தாரு. நானும் அதைப் பாத்தவன்தான், அதுல அசிங்கப்பட்டது கேமராவைத் தூக்கிட்டு இங்க வர்ற ஆளுங்கதானே தவிர நாம இல்ல.

நாடகத்துல, மூக்குல கர்ச்சீப் கட்டிக்கிட்டு டிவிக்காரன் ஒருத்தன் மைக்கோட வர்றான், "இதய பலவீனம் உள்ளவங்க சேனலை மாத்திடுங்க"ன்னு கட்டைக் குரல்ல எச்சரிக்கை, டம்முனு மியூசிக், ஆவிக்குள்ள வெள்ளையா என்னமோ தெரியுது, பாத்தா இட்லி. விடியக்காலைல சைக்கிள்காரங்களுக்கு இட்லி அவிச்சுக் குடுக்குற அக்கா வேஷத்துல இருந்த பொண்ணு கரண்டியோட, "தம்பி சாம்பார் ஊத்தவா?"ன்னு கேக்க அவன் அலறி அடிச்சுக்கிட்டு ஓடுறான். கூட்டமே விழுந்து விழுந்து சிரிச்சுது.

அந்தக் கட்டைக் குரலுக்குப் பிள்ளையார் சுழி போட்டது 1962ல இத்தாலிக்காரங்க எடுத்த மோண்டோ கேனேங்கற டாக்குமெண்டரி படம். ஊர் ஊரா சுத்தி, பாரு இவனுங்க எப்படி வாழுறானுங்கன்னு காட்டியே காசு பாத்தாங்க, பல சீன் செட்டப் வேற. 1978ல அமெரிக்காவுல வந்த, நிஜச் சாவுன்னு சொல்லிக் காட்டுன ஃபேசஸ் ஆஃப் டெத் படம் இன்னும் மோசம், டாக்டர்னு வந்து பேசுறவரே நடிகர், குரங்கு மூளைன்னு காட்டினது காலிஃபிளவர் (நாம பொரியல் பண்ற அதே காலிஃபிளவர்தாங்க!).

1980ல கேனிபல் ஹோலோகாஸ்ட்ங்கற திகில் படம் வந்தப்போ நடிகர்களை நிஜமாவே கொன்னுட்டாங்கன்னு சந்தேகம் கிளம்பி, அவங்க உயிரோட இருக்காங்கன்னு டைரக்டர் ருஜெரோ டியோடாட்டோ நிரூபிக்க வேண்டியதாப் போச்சு. அந்தப் படத்துல காட்டுக்குள்ள போற டாக்குமெண்டரி டீம்தான் பெரிய அயோக்கியனுங்க, அதுவரைக்கும் கதை சரிதான், ஆனா அவங்களைத் திட்டுறேன்னு சொல்லிட்டு ஷூட்டிங்ல ஆமையையும் மத்த பிராணிகளையும் நிஜமாவே கொன்னாங்களே, அதை என்னால மன்னிக்க முடியல. நம்ம பசங்க யாரையும் நோகடிக்காம அதே ஆளுங்களைக் கிழிச்சிருக்காங்க. இட்லி அக்காவை ஒரு வார்த்தை கிண்டல் பண்ணல, அவங்களைப் பாத்து மிரண்டவனைத்தான் வாருனாங்க.

எனக்கு ஒரே குறை, தோல் பட்டறை சீன்ல மியூசிக் சத்தம் தாங்கல, பாதி டயலாக் பின்னாடி உக்காந்திருந்த எங்களுக்குக் கேக்கவே இல்ல. அடுத்த வருஷம் ஸ்பீக்கர்காரர்கிட்ட யாராவது முன்னாடியே சொல்லி வைங்கப்பா.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
தாராவி, மும்பை