ராபின் ஹுட் மட்டும்தானா மிச்சம்?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த வில்வித்தைக் கட்டுரையை ரசித்துப் படித்தேன். ஆனால் இங்கிலாந்தைப் பற்றிய பத்தியில் கட்டுரையாளர் கொஞ்சம் அவசரப்பட்டுவிட்டார். துப்பாக்கி வந்ததும் ஆங்கிலேயரின் நெடுவில் ஓய்ந்துபோனது, ராபின் ஹுட் கதைகள்தான் மிச்சம் என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். கதைகள் இருக்கட்டும். அந்த வில் ஒரு நல்ல புத்தகத்தையும் விட்டுப்போயிருக்கிறது. அதைப் பற்றி ஒரு வார்த்தைகூட இல்லையே என்பதுதான் என் குறை.

1545இல் அச்சான 'டாக்ஸோஃபிலஸ்' என்ற நூலைச் சொல்கிறேன். வில்வித்தையைப் பற்றி ஆங்கிலத்தில் வந்த முதல் புத்தகம் அது. எழுதியவர் ரோஜர் ஆஸ்கம். கேம்பிரிட்ஜ் செயின்ட் ஜான்ஸ் கல்லூரியில் கிரேக்கம் கற்பித்தவர், பின்னாளில் இளவரசி எலிசபெத்துக்கே வாத்தியாராகப் போனவர். நூலை எட்டாம் ஹென்றிக்குக் காணிக்கையாக்கினார். மன்னருக்குப் பிடித்துப்போய், ஆண்டுக்கு 10 பவுண்டு மானியம் கிடைத்தது.

எனக்கு இது அறிமுகமானது என் மகளால். ப்ளஸ் ஒன் படிக்கிறாள், சனி ஞாயிறுகளில் வில் பயிற்சிக்குப் போகிறாள். மைதானத்துப் படிக்கட்டில் இரண்டு மணி நேரம் சும்மா உட்கார்ந்திருப்பது எனக்கு வழக்கமாகிவிட்டது. ஒருநாள் பொழுது போகாமல் செல்போனில் தேடியபோது இந்தப் பழைய நூல் இலவசமாகக் கிடைத்தது. பழைய ஆங்கிலம்தான். பத்துப் பக்கம் பல்லைக் கடித்துக்கொண்டு படித்தால் அப்புறம் பழகிவிடும்.

வில்லை நேசிக்கும் டாக்ஸோஃபிலஸும் படிப்பை நேசிக்கும் ஃபிலோலோகஸும் பேசிக்கொள்வதுபோல நூல் அமைந்திருக்கிறது. முதல் பாதி, உண்மையைச் சொன்னால், இழுவை. பாரசீகர், கிரேக்கர், ரோமர் என்று ஒவ்வொருவராகச் சாட்சிக்கு அழைத்து வில்லின் பெருமை பேசுகிறார். நான் பாதியைத் தாண்டிக் குதித்துவிட்டேன். வில், நாண், கையுறை, அம்பு என்று ஒவ்வொன்றாகக் கையில் எடுத்துப் பார்க்கிற இரண்டாம் பாதியில்தான் சரக்கு இருக்கிறது. வாத்து இறகுக்கு அங்கே தனிப் புகழுரையே உண்டு. அம்புக்கும் அதுதான், எழுதுகோலுக்கும் அதுதான், படுக்கைக்கும் அதுதான் என்று மனிதர் உருகுகிறார்.

எய்வதை ஐந்தாகப் பிரிக்கிறார்: நிற்பது, அம்பை நாணில் பொருத்துவது, இழுப்பது, பிடித்து நிறுத்துவது, விடுவது. மகளின் பயிற்சியாளரும் கிட்டத்தட்ட இதே வரிசையில்தான் கத்திக்கொண்டிருக்கிறார். அதைவிட, வில்லாளிகள் செய்யும் கோணங்கித்தனங்களை ஆஸ்கம் அடுக்குகிற இடம் இருக்கிறதே, அங்கே வாய்விட்டுச் சிரித்தேன். இலக்கைக் கடித்துவிடுவதுபோல ஒருவன் தலையை நீட்டுகிறான். ஒருவனுக்குக் கண் தெறித்துவிடும்போல இருக்கிறது. இன்னொருவன் நாக்கைத் துருத்துகிறான், வேறொருவன் உதட்டைக் கடிக்கிறான். அம்பை விட்டதும் வலது காலைத் தூக்கி, விழுந்துவிடுவானோ என்று பயமுறுத்துகிற ஆளும் உண்டு. நிமிர்ந்து பார்த்தால் எதிரே என் மகள் கீழுதட்டைக் கடித்தபடி நாணை இழுத்துக்கொண்டிருந்தாள். கிட்டத்தட்ட 480 வருடம் கழித்தும் அதே உதடு!

ஆனால் நூலின் உச்சம் காற்றைப் பற்றிய பகுதி. காற்றைக் கண்ணால் பார்க்க முடியாது, ஆனால் தான் ஒருமுறை பார்த்ததாகச் சொல்கிறார். யார்க்‌ஷயரில் டாப்கிளிஃப் என்ற ஊருக்கும் பரோபிரிட்ஜுக்கும் இடையே குதிரையில் போகிறார். இருபுறமும் வயல்வெளி, ஏறக்குறைய ஒரு கெஜ ஆழத்துக்குப் பனி. இரவு உறைந்ததில் மேல் பனி ஓடுபோல இறுகியிருக்கிறது. பாதையில் கிடப்பது மட்டும் குதிரைகள் மிதித்து உதிர்ந்த பொடிப்பனி. காற்று அந்தப் பொடியை அள்ளி, இறுகிய பனியின் மேல் சறுக்க விடுகிறது. அதனால் காற்று போகிற தடம் அப்படியே தெரிகிறது. சில நேரம் இரண்டு கெஜ அகலத்தில் கண்ணுக்கெட்டிய தூரம் ஓடுகிறது, சில நேரம் பாதி வயலையே மூடுகிறது. இருபது கெஜத்தில் ஒரு ஓட்டம். அதைத் தாண்டி நாற்பது கெஜத்துக்குப் பனி அசையவே இல்லை. அதற்கப்பால், அதே நேரத்தில், இன்னொரு ஓட்டம். காற்று மொத்தமாக வீசுவதில்லை, ஓடை ஓடையாகப் போகிறது என்று கண்டுகொள்கிறார். விட்ட அம்பு வழியில் எத்தனை காற்றுகளைக் கடக்க வேண்டும் என்பது அப்போதுதான் எனக்கும் உறைத்தது.

இப்படி எழுத அவருக்கு அன்று ஒரு துணிச்சல் வேண்டியிருந்தது. படித்தவர்கள் லத்தீனில் எழுதிய காலம். வேறு மொழியில் எழுதியிருந்தால் என் படிப்புக்கும் பெயருக்கும் நல்லதாக இருந்திருக்கும் என்று அவரே முன்னுரையில் ஒப்புக்கொள்கிறார். இருந்தும் ஆங்கிலேயர் விஷயத்தை ஆங்கிலேயருக்கு ஆங்கிலத்திலேயே சொல்வேன் என்கிறார். பேச்சு பொதுமக்களைப் போல, சிந்தனை அறிவாளிகளைப் போல இருக்க வேண்டும் என்று அரிஸ்டாட்டிலைத் துணைக்கு அழைக்கிறார். லத்தீன், பிரெஞ்சு, இத்தாலியச் சொற்களைக் கொட்டி எழுதுகிறவர்களைக் கண்டால் அவருக்கு ஆகாது. விருந்தில் ஒயினும் பீரும் சேர்ந்து கிடைத்தால் நல்லதுதானே என்று வாதாடிய ஒருவருக்கு அவர் சொல்லும் பதில்: தனித்தனியே குடித்தால் எல்லாம் நல்லதுதான், எல்லாவற்றையும் ஒரே பானையில் ஊற்றினால் இன்னதென்றும் தெரியாது, உடம்புக்கும் ஆகாது. தினமும் தமிழில் எழுதுகிற நமக்கு அந்தப் பானையின் வாசனை நன்றாகவே தெரியும்.

கட்டுரையாளர் சொன்னதில் நியாயமும் இருக்கிறது. படைக்கலம் என்ற அளவில் ஆஸ்கமின் வில் தோற்றுத்தான் போனது. 1363இல் மூன்றாம் எட்வர்ட், விடுமுறை நாட்களில் ஆண்கள் வில் பழக வேண்டும் என்று ஆணையிட்டார். 1541இல் ஹென்றி மறுபடி சட்டம் போட வேண்டியிருந்தது என்றால் ஜனங்கள் எவ்வளவு பழகியிருப்பார்கள் என்று பாருங்கள். 1595இல் அரச ஆலோசனைச் சபையே ஊர்ப்படைகளில் வில்லுக்குப் பதில் துப்பாக்கி என்று முடிவெடுத்தது. நூல் வந்த அதே 1545 ஜூலையில் மூழ்கிய மேரி ரோஸ் போர்க்கப்பலிலிருந்து 137 முழு வில்களையும் 3,500க்கும் மேற்பட்ட அம்புகளையும் நம் காலத்தில் மீட்டார்கள். ஆஸ்கம் பேசிய வில்லைப் போர்ட்ஸ்மத் அருங்காட்சியகத்தில் இன்று நேரில் பார்க்கலாம்.

நூலின் பெயர் மட்டும் பிழைத்துக்கொண்டது. 1781இல் லண்டனில் பொழுதுபோக்குக்காக வில் பழகத் தொடங்கிய கனவான்கள் தங்கள் சங்கத்துக்கு 'டாக்ஸோஃபிலைட்' என்று பெயர் வைத்தார்கள். ஆஸ்கம் கிரேக்கத்திலிருந்து ஒட்டவைத்த பெயர் ஆங்கில அகராதியில் ஏறிவிட்டது. வில்லும் அம்பும் வைக்கிற உயரமான அலமாரிக்கே 'ஆஸ்கம்' என்று ஒரு பெயர் உண்டு. அம்பு செய்தவர்களின் பிள்ளைகள், அம்பு செய்பவர் என்று பொருள்படும் ஃபிளெட்சர் என்ற பெயரோடு இன்றும் திரிகிறார்கள். (இந்த நூலில் சூதாட்டத்தைப் பிடிபிடியென்று பிடிக்கும் ஆஸ்கம், பகடையிலும் சேவல் சண்டையிலும் மூழ்கி ஏழையாகவே செத்தார் என்று வரலாற்றாசிரியர் காம்டன் எழுதிவைத்திருக்கிறார். வாத்தியார்களும் மனிதர்கள்தானே.)

ஒரு வேண்டுகோள். அந்தப் பனிக்காற்றுப் பகுதி நீளமானதல்ல. யாரையாவது தமிழாக்கச் சொல்லி உங்கள் இதழிலேயே வெளியிடுங்களேன். மைதானத்துப் பிள்ளைகளுக்குக் கொடுக்கப் பத்துப் பிரதி நானே நகல் எடுத்துக்கொள்கிறேன். பயிற்சியாளருக்கும் ஒன்று.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
திருச்சி