சமையலறையில் விழுந்த அறை

ஆசிரியருக்கு வணக்கம்.

நாஜிப் பிரசாரப் படங்களைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். நல்ல கட்டுரை. ஆனால் நாஜிக் கட்சி மாநாட்டைப் பற்றி இயக்குநர் லெனி ரீஃபென்ஸ்தால் எடுத்து 1935இல் வெளியான படத்திலிருந்து அது தொடங்குவது பெருங்குறை. ஹிட்லர் பதவியேற்று எட்டு மாதம்கூட ஆகாத 1933 செப்டம்பரிலேயே உஃபா என்ற ஜெர்மன் திரைப்பட நிறுவனம் 'ஹிட்லர்யுங்க குவெக்ஸ்' படத்தை வெளியிட்டுவிட்டது. மியூனிக்கில் நடந்த முதல் காட்சிக்கு ஹிட்லரே வந்தார்.

1932 ஜனவரியில் பெர்லினில் துண்டறிக்கை கொடுக்கப்போன இடத்தில் கொல்லப்பட்ட, ஹிட்லர் இளைஞர் இயக்கத்தைச் சேர்ந்த ஹெர்பர்ட் நோர்குஸ் என்ற 15 வயதுப் பையனின் சாவுதான் கதைக்கு மூலம். படத்தில் அவன் பெயர் ஹைனி. சொன்ன வேலையைச் சட்டென்று முடிப்பவன் என்பதால் பாதரசத்தை நினைவூட்டும் 'குவெக்ஸ்' என்ற பட்டப்பெயர்.

மாநாட்டுப் படம் கூட்டத்தைக் காட்டி மலைக்க வைக்கிறது. இந்தப் படமோ வீட்டுக்குள் நுழைகிறது. காட்டில் அந்த இயக்கத்தின் முகாமில் கேட்ட பாட்டை ஹைனி அம்மாவிடம் பாடிக்காட்டுகிறான். கம்யூனிஸ்டான அப்பா காதில் அது விழுகிறது. பையனை அறைந்து, அழ அழ கம்யூனிஸ்டுகளின் 'இன்டர்நேஷனல்' கீதத்தைப் பாட வைக்கிறார். அந்த இடத்தில் எந்தப் பிள்ளையின் மனமும் ஹைனி பக்கம்தான் சாயும். பிறகு, மகனுக்கு ஆபத்து என்று அஞ்சிய தாய், இருவரும் சேர்ந்தே செத்துவிடலாம் என்று இரவில் எரிவாயுவைத் திறந்துவிட்டு, தான் மட்டும் இறந்துபோகிறாள். ஆஸ்பத்திரியில் பிழைத்துக் கிடப்பவனிடம் இயக்கப் பையன்கள் சீருடையைக் கொண்டுவந்து கொடுக்கிறார்கள். தாயை இழந்த பிள்ளைக்கு ஆறுதலாக ஒரு சட்டை! இதைவிடக் கொடிய காட்சியை நான் பார்த்ததில்லை.

அப்பாவாக நடித்த ஹைன்ரிஷ் கியோர்க் ஒருகாலத்தில் இடதுசாரி நாடகக்காரர்களோடு இருந்தவர். அவர் நடிப்பில் அந்த மனிதர் வெறும் வில்லனாக இல்லை. வேலையின்றி நொந்துபோன மனிதராகவும் தெரிகிறார். எதிரியையும் மனிதனாகக் காட்டியதால்தான் படம் நம்பும்படி இருக்கிறது.

1933இல் பத்து வயதில் இதைப் பார்த்த பையனுக்கு, சோவியத் மீது படையெடுப்பு தொடங்கிய 1941இல் வயது பதினெட்டு.

ஜெர்மனியில் இன்றும் இந்தப் படத்தை விருப்பம்போல் திரையிட முடியாது. முன்னால் ஓர் அறிமுக உரையும், முடிந்தபின் கலந்துரையாடலும் வேண்டும். அந்தக் கலந்துரையாடலுக்கு உதவும்படி, காட்சி காட்சியாக விளக்கும் ஒரு கட்டுரையை வரும் இதழில் வெளியிடுங்கள். பிளஸ் டூ வகுப்பில் ஹிட்லரைப் பற்றிப் பாடம் எடுக்கும் ஆசிரியர்களுக்கு அது கட்டாயம் தேவை.

– ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர், கும்பகோணம்