கன்சோலை விற்கலாம், கார்டைக் கொடுக்க வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பழைய கேம் கன்சோல்களை விற்பது குறித்துச் சென்ற ஞாயிறு இணைப்பிதழில் வெளியான கட்டுரையைப் படித்தேன். விலை பேசுவது, கணக்கிலிருந்து வெளியேறுவது, இயந்திரத்தை ரீசெட் செய்வது எனப் பயனுள்ள செய்திகள் பல அதில் இருந்தன. ஆனால் நின்டெண்டோ நிறுவனத்தின் ஸ்விட்ச் என்ற கேம் கன்சோலை வைத்திருப்பவர்களுக்கு அதில் சொல்லப்பட்டிருந்த ஓர் அறிவுரையை அப்படியே பின்பற்றினால் மீட்க முடியாத இழப்பு நேரும் என்பதால் இக்கடிதத்தை எழுதுகிறேன். பழைய ஸ்விட்ச்சில் செருகியிருக்கும் மைக்ரோ எஸ்டி என்ற மெமரி கார்டு, அதன் அடுத்த கன்சோலான ஸ்விட்ச் 2-இல் பயன்படாது, ஆகவே அதைக் கன்சோலோடு சேர்த்தே விற்றுவிடலாம் என்று கட்டுரையாளர் எழுதியிருந்தார்.

2025 ஜூன் 5 அன்று வெளிவந்த ஸ்விட்ச் 2, விளையாட்டுகளைச் சேமிக்க மைக்ரோ எஸ்டி எக்ஸ்பிரஸ் என்னும் புதுவகைக் கார்டை மட்டுமே ஏற்கும் என்பது உண்மைதான். ஆனால் பழைய கார்டை அதில் செருகினால், அந்தக் கார்டில் இருக்கும் ஸ்கிரீன்ஷாட்டுகளையும் வீடியோக்களையும் புதிய இயந்திரத்துக்கு நகலெடுத்துக்கொள்ள அதே ஸ்விட்ச் 2 இடமளிக்கிறது. இதைவிட முக்கியமான செய்தி ஒன்றும் உண்டு. கார்டில் உள்ள விளையாட்டுகள் அந்தக் குறிப்பிட்ட கன்சோலைத் தவிர வேறெதிலும் திறக்காதபடி பூட்டப்பட்டிருக்கின்றன. படங்களும் வீடியோக்களும் அப்படியல்ல; அவை சாதாரண ஜேபெக், எம்பி4 கோப்புகளாக எந்தப் பூட்டும் இல்லாமல் இருக்கின்றன. கன்சோலை ரீசெட் செய்தால் அதன் உள்நினைவகம்தான் துடைக்கப்படும், கார்டு தொடப்படுவதில்லை. ஆகவே கார்டோடு கன்சோலை விற்பவர், தம் பிள்ளைகள் பல ஆண்டுகளாக எடுத்து வைத்த படங்களையும், அவற்றில் தெரியும் பெயர்களையும், நண்பர்களோடு விளையாடிய காட்சிகளையும் முன்பின் தெரியாத ஒருவரிடம் ஒப்படைக்கிறார். வாங்கியவர் அந்தக் கார்டைக் கணினியில் செருகினால் போதும், எல்லாம் திறந்துகொள்ளும்.

நான் 31 ஆண்டுகள் நூலகராகப் பணியாற்றி ஓய்வு பெற்றவன். இந்த வயதில் கேம் கன்சோலைப் பற்றிப் பத்திரிகைக்குக் கடிதம் எழுதுவேன் என்று நானே எதிர்பார்த்ததில்லை. 2020 ஜனவரியில் சிங்கப்பூரிலிருந்து விடுமுறையில் வந்த என் மகன் ஒரு ஸ்விட்ச் கருவியை வாங்கி வந்தான். அடுத்த இரண்டே மாதங்களில் ஊரடங்கு வந்தது. அப்போது எட்டு வயதாக இருந்த என் பேத்தி, வெளியே போக முடியாத அந்த மாதங்கள் முழுவதும் திரையில் ஒரு தோட்டத்தையும் வீட்டையும் கட்டிக்கொண்டிருந்தாள். கண்ணாடி அணிந்த ஒரு பாத்திரத்தை உருவாக்கி, அதற்கு ஆங்கில எழுத்துகளில் ‘தாத்தா’ என்று பெயரும் வைத்தாள். ஒவ்வொரு மரம் நட்டதும், ஒவ்வொரு அறையை ஒழுங்கு செய்ததும், இடக்கைப் பிடியின் அடியில் இருக்கும் சின்னச் சதுரப் பொத்தானை அழுத்திப் படம் எடுத்துவிடுவாள். அந்தப் பொத்தானைத் தட்டினால் நிழற்படம். அழுத்திப் பிடித்திருந்தால், அந்த வசதி உள்ள விளையாட்டுகளில், அதற்கு முந்தைய 30 விநாடிகள் வீடியோவாகப் பதிவாகும்.

2023-இல் கருவியில் சார்ஜ் ஏறாமல் போனபோது நகரில் உள்ள ஒரு பழுதுபார்க்கும் கடையில் கொடுத்தேன். ரீசெட் செய்ய வேண்டியிருக்கும், உள்ளே முக்கியமானது எதுவும் இருக்கிறதா என்று கடைக்காரர் முறையாகவே கேட்டார். ஆண்டுச் சந்தா கட்டி, இணையத்தில் நகல் காக்கும் கிளவுட் சேமிப்பு வைத்திருக்கிறோம், தாராளமாகச் செய்யுங்கள் என்று சொன்னவன் நான்தான். கருவி வீட்டுக்கு வந்தது. பேத்தி விளையாடிய கட்டங்களும் பெரும்பாலும் திரும்பி வந்தன. ஆனால் எடுத்த படங்கள் சேரும் ஆல்பத்தைத் திறந்தால் 2020-ஆம் ஆண்டின் படம் ஒன்றுகூட இல்லை. சந்தாவின் கிளவுட் சேமிப்பு, விளையாட்டில் எதுவரை வந்திருக்கிறோம் என்ற பதிவை மட்டுமே காக்கிறது. ஆல்பம் அதில் சேர்வதில்லை. இது எங்கும் மறைக்கப்பட்ட செய்தி அன்று. நான் படிக்கவில்லை, அவ்வளவுதான்.

2021-இல் ஒரு மெமரி கார்டு வாங்கிப் போட்டிருந்தோம். அதற்குப் பின் எடுத்த படங்கள் கார்டிலேயே பதிவானதால் அவை பிழைத்தன. ஊரடங்குக் காலப் படங்கள் உள்நினைவகத்தில் இருந்ததால் போயின. அவற்றில் 40 படங்கள் மட்டும் மகனுடைய ட்விட்டர் கணக்கிலிருந்து மீண்டும் கிடைத்தன. அதற்கும் ஒரு காரணம் உண்டு. மெமரி கார்டு இல்லாதவர்கள் ஸ்விட்ச்சிலிருந்து ஒரு படத்தை வெளியே கொண்டுவர, 2020 நவம்பர் இறுதியில் 11.0 என்ற மென்பொருள் புதுப்பிப்பு வரும்வரை, ஃபேஸ்புக்கிலோ ட்விட்டரிலோ பதிவிடுவதைத் தவிர வேறு வழி இருக்கவில்லை. பேரப்பிள்ளையின் படத்தை ஊருக்குக் காட்டினால்தான் நாம் பார்க்க முடியும் என்ற அந்த ஏற்பாடு அன்றைக்கு எனக்கு எரிச்சலூட்டியது. கடைசியில் அதுதான் கைகொடுத்தது. அந்த வழியும் இப்போது இல்லை. ட்விட்டர் எக்ஸ் என்று பெயர் மாறிய பிறகு, பிளேஸ்டேஷன் கன்சோல்களிலிருந்து அதில் பதிவிடும் வசதி 2023 நவம்பர் 13 அன்றும், ஸ்விட்ச்சில் 2024 ஜூன் 10 அன்றும் நிறுத்தப்பட்டன. அந்த வழியை நம்பியிருந்த குடும்பங்கள் இப்போது வேறு பழக்கத்துக்கு வர வேண்டியிருக்கிறது.

படங்களை எங்கும் பதிவிடாமலே வெளியே எடுக்க ஸ்விட்ச்சில் இன்று மூன்று வழிகள் இருக்கின்றன. முதலாவது கைபேசிக்கு அனுப்புவது. கன்சோல் தானே ஒரு சிறு வைஃபை இணைப்பை உருவாக்கும்; திரையில் வரும் முதல் கியூஆர் கோடு கைபேசியை அதனோடு இணைக்கும், இரண்டாவது கோடு படங்களைக் காட்டும் பக்கத்தைத் திறக்கும். இந்த இணைப்பில் இணையம் இராது என்பதால் சில கைபேசிகள் தாமாகவே மொபைல் டேட்டாவுக்குத் தாவிவிடும். அதைச் சற்று நேரம் அணைத்து வைத்தால் வேலை சுமுகமாக முடியும். ஒரு முறைக்கு 10 படங்கள் அல்லது ஒரே ஒரு வீடியோதான் போகும். பிறந்தநாள் படம் நான்கை அனுப்ப இது போதும். 600 படங்களை எடுக்க வேண்டுமானால் 60 முறை உட்கார வேண்டும்.

இரண்டாவது வழி கேபிள். அமைப்புகளில் தரவு மேலாண்மைப் பகுதிக்குள் போய், கணினிக்கு யுஎஸ்பி வழியாக நகலெடுக்கும் தெரிவை எடுத்துக்கொண்டு, டிவியோடு இணைக்க உதவும் டாக் என்ற தாங்கியில் வைக்காமல் கன்சோலையே நேரடியாகக் கணினியோடு இணைக்க வேண்டும். வீட்டில் கிடக்கும் எந்தக் கேபிளும் உதவும் என்று எண்ண வேண்டாம். சார்ஜ் ஏற்றுவதற்கு மட்டுமே உதவுகிற கேபிள்கள் பல உண்டு, அவற்றில் தரவு போகாது. நான் ஒரு மாலை முழுவதும் கணினியைக் குறை சொல்லிக்கொண்டிருந்துவிட்டு, பிறகுதான் கேபிளை மாற்றிப் பார்த்தேன். மூன்றாவது வழி, கன்சோலை முழுமையாக அணைத்துவிட்டுக் கார்டை வெளியே எடுத்துக் கணினியில் படிப்பது. உள்நினைவகத்தில் இருக்கும் படங்களை மொத்தமாகக் கார்டுக்கு நகலெடுக்கும் வசதியும் அதே தரவு மேலாண்மைப் பகுதியில் இருக்கிறது. அதைச் செய்துவிட்டுத்தான் கார்டை எடுக்க வேண்டும். இல்லாவிட்டால் எனக்கு நேர்ந்ததுதான் மற்றவர்களுக்கும் நேரும்.

நூலகத்தில் வேலை பார்த்தவனுக்குக் கேபிள், கார்டு ஆகிய இரண்டு வழிகளுக்கும் உள்ள வேறுபாடு மிகவும் பிடித்தது. கேபிள் வழியாக வந்தால் படங்கள் விளையாட்டின் பெயர் வாரியான கோப்புறைகளில் நிற்கும். கார்டைத் திறந்தால் ஆண்டு, மாதம், நாள் என்று அடுக்கடுக்காக நிற்கும். நூலகத்தின் பொருள் வாரிப் பட்டியலும், நூல்கள் வந்த வரிசையில் எழுதும் சேர்க்கைப் பதிவேடும் ஒரே நேரத்தில் கையில் கிடைத்ததைப் போன்றது இது. ஒவ்வொரு கோப்பின் பெயரும் எடுத்த ஆண்டு, மாதம், நாள், மணி, நிமிடம், விநாடி என்ற வரிசையில் எண்களாகத் தொடங்குகிறது. கார்டில் உள்ள கோப்புகளில் அதன்பின் வரும் நீண்ட தொடர் எந்த விளையாட்டு என்பதைக் குறிக்கிறது. மீட்ட படங்களை அடுக்கத் தொடங்கியபோது அந்த எண்களை அழித்துவிட்டுப் ‘பூந்தோட்டம்’, ‘புது வீடு’ என்று பெயரிட என் பேத்தி விரும்பினாள். எண்களை அப்படியே விட்டு, அவற்றின் பின்னால் பெயரைச் சேர்க்கும்படி சொன்னேன். ஐந்தாண்டு கழித்துப் பூந்தோட்டம் என்ற பெயரில் 70 கோப்புகள் இருக்கும்போது, எது முதலில் பூத்தது என்பதை அந்த எண்கள்தான் சொல்லும்.

வேண்டாத படங்களைக் களைந்தெடுப்பதும் தேவையான வேலையே. ஸ்விட்ச்சின் உள்நினைவகத்தில் 1,000 படங்களும் 100 வீடியோக்களும், கார்டில் இடம் இருந்தால் 10,000 படங்களும் 1,000 வீடியோக்களும் வைக்கலாம். ஓடியாடி விளையாடும் பிள்ளை ஒரு விடுமுறையிலேயே 100 வீடியோக்களைத் தொட்டுவிடும். ஆனால் எதை நீக்குவது என்பதைப் பெரியவர்கள் தனியாக முடிவு செய்யக் கூடாது என்பது என் அனுபவம். நான் வீண் என்று நினைத்த, கதாநாயகன் பள்ளத்தில் விழும் வீடியோக்கள்தான் அவள் கட்டாயம் வேண்டும் என்று கேட்டவை. நீக்குவதற்கு முன், கணினிக்கு வந்த கோப்புகளின் எண்ணிக்கையைச் சரிபார்த்து, வீடியோக்களில் சிலவற்றை இறுதிவரை ஓட்டிப் பார்க்க வேண்டும். ஹார்ட் டிஸ்க்கில் ஒன்றும் வேறோர் இடத்தில் ஒன்றுமாக இரண்டு நகல்கள் இருக்க வேண்டும். உறவினர்களுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பும்போது, படமாக அனுப்பாமல் ஆவணமாக அனுப்பினால் தெளிவு குறையாது. ஸ்விட்ச்சின் படங்கள் 1280-க்கு 720 என்ற அளவுதான். இருக்கிற தெளிவையாவது காப்போம்.

மற்ற கன்சோல்களிலும் நிலைமை இதற்குப் பெரிதும் மாறுபட்டதன்று. பிளேஸ்டேஷன் 5-இல் எடுக்கும் படங்களும் சிறு வீடியோக்களும் தாமாகக் கைபேசிச் செயலிக்கு வந்துசேரும்படி அமைக்கலாம், ஆனால் அவை அங்கே 14 நாள்களுக்குத்தான் கிடைக்கும். நீண்ட வீடியோக்களை யுஎஸ்பி டிரைவில்தான் எடுக்க வேண்டும். அந்த டிரைவை எக்ஸ்ஃபேட் முறையில் ஃபார்மேட் செய்திருப்பது நல்லது, ஏனெனில் பழைய ஃபேட்32 முறை 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒரு கோப்பை ஏற்காது. எக்ஸ்பாக்ஸ் வலையமைப்பில் ஏற்றிய படங்களும் 2024 முதல் 90 நாள்களுக்குப் பின் தாமாக நீக்கப்படுகின்றன. செயலியில் படம் தெரிகிறதே என்று நிம்மதியாக இருப்பவர்கள் இந்த நாள்களைக் கணக்கில் வைத்துக்கொள்ள வேண்டும்.

பழுதுபார்க்கும் கடைக்காரர்களுக்கும் ஒரு வேண்டுகோள். ‘முக்கியமானது எதுவும் இருக்கிறதா’ என்று கேட்டால், என்னைப் போன்றவர்கள் விளையாட்டை மட்டுமே நினைத்துக்கொள்வார்கள். ‘ஆல்பத்தில் உள்ள படங்களை எடுத்துவிட்டீர்களா’ என்று கேளுங்கள்; இயலுமானால் ரசீதிலேயே அந்தக் கேள்வியை அச்சிட்டுவிடுங்கள். கையெழுத்துப் போடும் ஒரு நிமிடத்தில் ஒருவருக்கு அது கண்ணில் பட்டால் போதும்.

கட்டுரையில் வந்த கார்டு பற்றிய வரிக்குத் திருத்தம் வெளியிடுமாறு தங்களைக் கேட்டுக்கொள்கிறேன். உள்நினைவகப் படங்களைக் கார்டுக்கு மாற்றிவிட்டு, கார்டைக் கழற்றி வைத்துக்கொண்டு, அதன் பிறகே ரீசெட் செய்து கன்சோலை விற்க வேண்டும் என்ற வரிசையை அதில் குறிப்பிட்டால் நலம். பள்ளி விடுமுறை நெருங்குகிறது. பழையதைக் கொடுத்துப் புதியது வாங்க நினைப்பவர்கள் இந்த மாதத்திலேயே கடைக்குப் போவார்கள் என்பதால், அடுத்த ஞாயிறு இணைப்பிதழிலேயே அது வந்தால் உதவியாக இருக்கும்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற நூலகர் ஒருவர்,
கோயம்புத்தூர்.