பிரிட்டன் போக்குவரத்து அமைச்சருக்கு ஒரு திறந்த மடல்: கோர்ட் லைன் விமானங்களும் இன்னும் வராத சட்டமும்

மதிப்புக்குரிய அமைச்சர் அவர்களுக்கு,

வணக்கம். லூட்டன் விமான நிலையத்துக்கு அருகில் குடியிருப்பவன் நான். இன்று எங்கள் தலைக்கு மேலே ஆரஞ்சு நிற விமானங்களும் பறக்கின்றன. ஐம்பது வருடங்களுக்கு முன்பும் இதே ஓடுபாதையில் ஆரஞ்சு விமானங்கள் நின்றன. பக்கத்திலேயே இளஞ்சிவப்பில் ஒன்று, ஊதாவில் ஒன்று, நீலப்பச்சையில் ஒன்று. கோர்ட் லைன் என்ற நிறுவனத்தின் விமானங்கள் அவை. அதன் கதையை இப்போது உங்களிடம் சொல்லக் காரணம் இருக்கிறது. விமான நிறுவனங்கள் நொடித்தால் பயணிகளைக் காக்க ஒரு சட்டம் வரும் என்று 2019-இல் அரசு சொன்னது. அந்தச் சட்டம் இன்னும் வரவில்லை.

ஆட்டேர் என்ற விமான நிறுவனம்தான் 1970-இல் கோர்ட் லைன் என்று பெயர் மாற்றிக்கொண்டது. தாய் நிறுவனம் கப்பல் தொழிலில் இருந்தது. மழையிலும் குளிரிலும் வருடம் முழுக்க உழைக்கும் குடும்பங்களை ஒரு வாரமோ இரண்டு வாரமோ ஸ்பெயின் வெயிலுக்கு மலிவாகக் கூட்டிப்போவதுதான் இந்த விமானங்களின் வேலை. அவற்றில் ஏறிய பலருக்கு அதுதான் வாழ்க்கையின் முதல் விமானப் பயணம். பணிப்பெண்களின் சீருடையைப் புகழ்பெற்ற ஆடை வடிவமைப்பாளர் மேரி குவான்ட் வடிவமைத்தார். பணக்காரர்களுக்கு மட்டும்தான் அழகு என்று நினைக்காத நிறுவனம் அது. அதனாலேயே எனக்கு அதன்மேல் ஒரு பிரியம்.

அந்த விமானங்களின் இருக்கையைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். சமையல் மேடையைச் சுருக்கினால் இன்னும் சில இருக்கைகள் போடலாம் என்று கணக்குப் போட்டார்கள். அதனால் உணவை முன்னிருக்கையின் முதுகிலேயே வைத்துவிட்டார்கள். அதில் இரண்டு சிறு அறைகள். ஒன்றில் போகும்போது சாப்பிட வேண்டிய உணவு. இன்னொன்றில், அதே இருக்கையில் திரும்பி வரப்போகும் வேறொருவருக்கான உணவு. அந்த அறைக்குப் பூட்டு. இப்படித்தான் பிஏசி 1-11 விமானத்தில் 119 பேரை உட்கார வைத்தார்கள். 1973-இல் ஐரோப்பாவிலேயே முதலாவதாக டிரைஸ்டார் என்ற பெரிய விமானங்களை வாங்கியதும் இவர்கள்தான். இரண்டு விமானங்கள், ஒவ்வொன்றிலும் 400 இருக்கைகள்.

அத்தனை இருக்கைகளையும் நிரப்ப ஆள் வேண்டுமே! பெரும்பாலான ஆட்களை அனுப்பி வந்தது கிளார்க்சன்ஸ் என்ற சுற்றுலா நிறுவனம். விலையைக் குறைத்துக் குறைத்தே அது நஷ்டத்தில் மூழ்கியது. அது போய்விட்டால் விமானங்கள் காலியாக நிற்கும் என்று பயந்த கோர்ட் லைன், 1973-இல் அதை ஒரே ஒரு பவுண்டுக்கு வாங்கியது. கூடவே அதன் நஷ்டமும் வந்து சேர்ந்தது. அந்த வருடக் கடைசியில் எண்ணெய் விலை ஏறியது. 1974 தொடக்கத்தில் நாடே வாரத்துக்கு மூன்று நாள்தான் வேலை செய்தது. வேலை நிலைக்குமா என்று தெரியாதவர் கோடை விடுமுறைக்கு முன்பணம் கட்டுவாரா?

அப்புறம் நடந்ததுதான் அமைச்சர் என்ற முறையில் நீங்கள் கவனிக்க வேண்டியது. 1974 ஜூன் 26 அன்று, கோர்ட் லைனின் கப்பல் கட்டும் தொழிலை அரசு எடுத்துக்கொள்ளும் என்று தொழில்துறை அமைச்சர் டோனி பென் நாடாளுமன்றத்தில் அறிவித்தார். இதனால் அந்தக் கோடை விடுமுறைப் பதிவுகள் உட்பட நிலைமை சீராகும் என்ற பொருளிலும் பேசினார். மக்கள் நம்பினார்கள். ஆகஸ்ட் 15-இல் கோர்ட் லைன் நொடித்து எல்லாம் நின்றுபோனது. 40,000-க்கும் மேற்பட்டோர் அப்போது வெளிநாட்டில் இருந்தார்கள். அரசு தன் பொறுப்பிலிருந்து முழுவதுமாகக் கைகழுவ முடியாது என்று நாடாளுமன்றக் குறைதீர்ப்பாளர் மறுவருடம் எழுதினார்.

ஆனால் அந்த அரசு சும்மா இருக்கவில்லை. வெளிநாட்டில் இருந்தவர்களைக் கூட்டிவர, சுற்றுலா நிறுவனங்களிடம் ஏற்கெனவே வாங்கி வைத்திருந்த பிணைத்தொகை உதவியது. பணம் கட்டிவிட்டுப் பயணம் போகாதவர்களுக்காக 1975-லேயே ஒரு சேமநிதிச் சட்டம் வந்தது. இன்று விமானமும் தங்குமிடமும் சேர்ந்த தொகுப்புச் சுற்றுலா போகும் ஒவ்வொருவருக்காகவும், சுற்றுலா நிறுவனம் நொடித்தால் பயணிகளைக் காக்கும் அட்டோல் திட்டத்தில் 2.50 பவுண்டு வசூலாகிறதே, அந்த ஏற்பாட்டின் வேர் இங்கேதான் இருக்கிறது.

இன்று மக்கள் பயணம் போகும் விதம் மாறிவிட்டது. விமான நிறுவனத்திடமே நேரடியாக டிக்கெட் வாங்கி, தங்குமிடத்தைத் தனியாகப் பதிவு செய்கிறார்கள். ஊர்த் திருவிழாவுக்கும் கல்யாணத்துக்கும் சென்னைக்கோ கொழும்புக்கோ கிளம்பும் எங்கள் மக்களில் பலரும் அப்படித்தான் வாங்குகிறார்கள். அவர்களுக்கு அட்டோல் கிடையாது. கடன் அட்டையில் வாங்கியிருந்தால் காசு திரும்ப வரலாம். ஆனால் வழியில் மாட்டிக்கொண்டவரை அந்த அட்டை வீட்டில் கொண்டுவந்து சேர்க்காது.

லூட்டனிலேயே பிறந்த மொனார்க் விமான நிறுவனம் 2017 அக்டோபர் 2-இல் மூடியது. வெளிநாட்டில் இருந்த ஏறக்குறைய 1,10,000 பேரைக் கூட்டிவர, பல கோடி பவுண்டு செலவில், வேறு நிறுவனங்களின் விமானங்களை அரசு வாடகைக்கு எடுத்தது. மொனார்க்கின் சொந்த விமானங்கள் தரையில் நின்றன. அவற்றை ஓட்டத் தெரிந்தவர்கள் வேலை இழந்து வீட்டில் இருந்தார்கள். 2019 செப்டம்பர் 23-இல் தாமஸ் குக் சுற்றுலா நிறுவனம் விழுந்தபோதும் இதே கதைதான். இந்த முறை ஏறக்குறைய 1,50,000 பேர். அதே குழுமத்தைச் சேர்ந்த காண்டோர் விமான நிறுவனம் மட்டும் ஜெர்மனியில் தொடர்ந்து பறந்தது. அங்கே அரசு 38 கோடி யூரோ இடைக்காலக் கடனுக்கு வழி செய்தது.

விமான நிறுவனங்கள் நொடிப்பதைப் பற்றி ஆராய அன்றைய அரசு நியமித்த பீட்டர் பக்ஸ் குழு 2019 மே மாதமே வழி சொல்லிவிட்டது. நொடித்த நிறுவனத்தின் விமானங்களும் ஊழியர்களுமே பயணிகளைத் திருப்பிக் கொண்டுவரும் வரை பறக்கட்டும், அதற்குச் சட்டத்தில் இடம் கொடுங்கள் என்றது. எல்லாப் பயணிகளுக்கும் சேர்த்து ஒரு பாதுகாப்புத் திட்டம் வேண்டும், அதற்குத் தலைக்கு 50 பென்ஸ்கூட ஆகாது என்றும் கணக்குச் சொன்னது. விமான நிலையத்தில் ஒரு தண்ணீர் பாட்டில் அதைவிட விலை அதிகம். அந்த வருடக் கடைசியில், அரசின் திட்டங்களை நாடாளுமன்றத்தில் அறிவிக்கும் ராணியின் உரையிலும் இந்தச் சட்டம் இடம்பெற்றது. பிறகு கோவிட் வந்தது, விமானங்கள் நின்றன, சரி. இப்போது எல்லா விமானங்களும் நிரம்பிப் பறக்கின்றன. இன்னும் எதற்குத் தாமதம்?

நான் கேட்பது இரண்டுதான். பக்ஸ் குழுவின் பரிந்துரைகளை மசோதாவாக நாடாளுமன்றத்தில் எந்த மாதம் வைப்பீர்கள் என்று தேதியோடு சொல்லுங்கள். அதுவரை, டிக்கெட் விற்கும் ஒவ்வொரு விமான நிறுவனமும், பணம் வாங்குவதற்கு முன்பே, "இந்தப் பயணத்துக்கு அட்டோல் பாதுகாப்பு இல்லை" என்று பெரிய எழுத்தில் காட்ட வேண்டும் என்று உத்தரவிடுங்கள். கோடைக்கான பதிவுகள் குளிர்காலத்திலேயே தொடங்கிவிடும். அதற்குள் உங்கள் பதில் வர வேண்டும்.

இப்படிக்கு,
லூட்டன்வாசி ஒருவன்