கறுவாத்தோட்டத்தை உருவாக்கிய கைகள்

ஆசிரியர் அவர்களுக்கு,

கடந்த ஞாயிறு இதழில் கொழும்பு 7 எனப்படும் கறுவாத்தோட்டத்தின் பழைய மாளிகைகள் குறித்து வெளியான கட்டுரையைப் படித்தேன். ஆளுநர்களும் சீமான்களும் அதில் நிறைந்திருந்தனர். அப்பகுதியை உழைப்பால் உருவாக்கியவர்களுக்கோ ஒரு வரிகூட இல்லை. ஒல்லாந்தர் காலத்தில் அங்கே கறுவா உரித்த சலாகம சமூகத்தவர், தென்னிந்தியாவிலிருந்து வந்து குடியேறியவர்களின் வழித்தோன்றல்கள். 1877இல் அங்கே திறக்கப்பட்ட கொழும்பு நூதனசாலையை (அருங்காட்சியகத்தை) கட்டி முடித்தவர், சோனகரான (இலங்கை முஸ்லிமான) வாப்பிச்சி மரிக்கார். நாள்தோறும் அந்த வெள்ளைக் கட்டடத்தைக் கடந்து செல்வோரில் எத்தனை பேருக்கு அவர் பெயர் தெரியும்? பார்ன்ஸ், ஹோர்ட்டன், வார்ட் என ஆங்கிலேய ஆளுநர்களின் பெயர்களையோ அங்குள்ள வீதிகள் இன்றுவரை சுமந்து நிற்கின்றன.

என் அம்மம்மா மலையகத்திலிருந்து பதின்மூன்று வயதில் வந்து, கொழும்பு 7இல் ஒரு வீட்டின் குசினியில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் சமைத்தவர். பின்வாசல் வழியாகத்தான் அவருக்குப் போக்குவரத்து. அந்த வீட்டுப் பிள்ளைகள் மூவரையும் தூக்கி வளர்த்த அவருடைய ஒரு நிழற்படம்கூட அங்கு எடுக்கப்படவில்லை. எங்களிடம் எஞ்சியிருப்பது அவருடைய அடையாள அட்டைப் படம் மட்டுமே.

கொழும்பு மாநகர சபை இப்பகுதியின் வீதி முனைகளில் மும்மொழிப் பலகைகள் அமைத்து, கறுவா உரித்தவர்கள், கொத்தனார்கள், சமையற்காரர்கள், தோட்டக்காரர்கள் ஆகியோரின் வரலாற்றையும் எழுத வேண்டும். நூதனசாலை வாயிலில் இருந்து தொடங்கலாம். தங்கள் பத்திரிகையும் அந்த மாளிகைகளில் வேலை செய்த முதியவர்களின் நினைவுகளை, அவர்கள் இருக்கும்போதே கேட்டு வெளியிட வேண்டுகிறேன்.

வாசகி,
வெள்ளவத்தை