ஹில்டுர் அக்காவுக்கு எர்ணாவூர்ல இருந்து ஒரு கடிதம்

வணக்கம்கா.

நான் எர்ணாவூர்ல மைக் செட் வச்சிருக்கேன். காதுகுத்து, ஆடி மாச கூழு, சாவு வூடு எல்லாத்துக்கும் போவேன். படத்துக்கு மியூசிக் போடற ஐஸ்லாந்துக்காரங்களாமே நீங்க, உங்க முழுப் பேரு வாயில நுழையல, ஹில்டுர் குட்னடோட்டிர், குட்னடோட்டிர்னா குட்னியோட பொண்ணுன்னு அர்த்தமாமே, அப்ப நம்மூரு இனிஷியல் மாதிரிதான், வுடுங்க.

இங்கிலீஷ் 'ஜோக்கர்' படம் பாத்துட்டுதான் உங்களத் தேட ஆரம்பிச்சேன். இங்க பாட்டுதான் முன்னாடியே வரும், பிஜிஎம்லாம் எடிட் முடிஞ்சப்புறம் தான். நீங்க கதையப் படிச்சிட்டு செல்லோல (பெரிய வயலின் மாதிரி இருக்குமே, அதுல) வாசிச்சி அனுப்பி, அதப் போட்டு வுட்டுதான் பாத்ரூம்ல அந்த ஜோக்கர் ஆளு ஆடுனாராம்.

அதுல ஹால்டோரஃபோன்னு செல்லோ மாதிரி ஒண்ணு வாசிச்சிருக்கீங்க பாருங்க, கம்பி சத்தத்த எடுத்து அதுலயே கீற ஸ்பீக்கர்ல வுட்டு, அது திரும்ப கம்பிய ஆட்டி, கூவிக்கினே இருக்குமாமே. அக்கா, எங்க தொழில்ல அதுக்குப் பேரு ஹவுலிங். அது வரக்கூடாதுன்னுதான் வருஷக்கணக்கா மிக்ஸர் முன்னாடி நிக்கறேன், வந்துச்சுன்னா மாப்ள வூட்டுக்காரன் அடிக்க வருவான். நீங்க அதையும் சேத்து வாசிச்சி 2020ல ஆஸ்கர் வாங்கிட்டீங்க. திடீர்னு வந்தவங்கன்னு நெனச்சேன், பாத்தா 2006லயே தனியா ஆல்பம் போட்டு, யோஹான் யோஹான்சன்னு ஒரு மியூசிக் டைரக்டர், அவரு படத்துக்கெல்லாம் செல்லோ வாசிச்சிக்கினு இருந்திருக்கீங்க.

ஆனா நான் எழுத வந்தது, அணு உலை வெடிச்ச கதைய எடுத்தாங்களே, 'செர்னோபில்' சீரிஸ், அதுக்கு நீங்க போட்ட மியூசிக் பத்தி. லித்துவேனியால மூடிப்போன இக்னலீனா அணு மின் நிலையத்துக்கு, உடம்பு ஃபுல்லா பாதுகாப்பு டிரஸ் மாட்டிக்கினு, கிறிஸ் வாட்சன்னு சத்தம் ரெக்கார்டு பண்றவரையும் இட்டுனு போயி, அங்க கெடச்ச சத்தமும் உங்க தொண்டையும் மட்டும் வச்சி மொத்த மியூசிக்கும். ஒரு கதவு கத்துன சத்தம் ஒரு ட்யூனாவே ஆயிருக்கு. ஹெட்செட்ல கேட்டேன், அன்னிக்கி ராத்திரி தூக்கமே வரல.

ஏன்னா எங்கூர்லயும் தெர்மல் இருந்துச்சி. எண்ணூர் அனல் மின் நிலையம், 1970ல ஆரம்பிச்சது, 2017 மார்ச்ல மூடிட்டாங்க. பொறந்ததுலருந்து அந்த உறுமல் காதுல இருந்துச்சி, அடிக்கடி ராத்திரில ஸ்டீம் வுடுவாங்க, உஸ்ஸ்ஸுனு தெருவே அடங்கிப் போவும், எங்க பாட்டி அத வச்சே மணி சொல்லும் (பாதி நாள் தப்பா). நின்னப்புறம் தான் காது ஙொய்ங்குனு ஆச்சி. வூட்ல எட்டு மைக் கெடந்துச்சிக்கா. எட்டு. ஒரு நாள், ஒரே ஒரு நாள் ஒண்ண எடுத்து ஜன்னல்ல வச்சிருந்தா போதும், நீங்க பிளேன் ஏறிப் போயி எடுத்தத நான் லுங்கியோட எடுத்திருப்பேன்.

போன வாரம் கடை ஷட்டர ரெக்கார்டு பண்ணேன். துரு ஏறுனது, மேல போறப்ப ஒரு மாதிரி அழுவும். அத ஸ்லோ பண்ணி, கொஞ்சம் எக்கோ குடுத்து வூட்ல சத்தமா போட்டேன்.

அம்மா உள்ளருந்து ஓடியாந்துச்சி. "யார்டா போய்ட்டாங்க?"