வலயத்தில் கிடக்கும் திருத்தம்

ஒட்டுசுட்டான்

அன்பின் நண்பனுக்கு,

நலம், நலமறிய ஆவல். இங்கே காலபோக விதைப்பு முடிந்து மழையும் பிடித்துவிட்டது.

மருமகளின் பிறந்த திகதி பாடசாலைச் சேர்விடாப்பில், அதாவது பிள்ளைகளைச் சேர்க்கும்போது பதியும் பதிவேட்டில், பிழையென்றும், அதிபரும் வலயக் கல்வி அலுவலகமும் மாறி மாறி அலைக்கழிக்கிறார்கள் என்றும் எழுதியிருந்தீர். 2009இல் செட்டிகுளம் முகாமிலிருந்து பள்ளிக்குப் போன பிள்ளைகளில், பத்திரம் தொலைந்து வாய்ச்சொல்லில் வயது பதிந்தது கொஞ்சமா? வழக்குப் போடலாமா என்று கேட்கிறீர். போடலாம். ஆனால் இதுவரை எல்லாம் நேரில் போய் வாயால் கேட்டதுதானே? திகதியிட்ட கடிதம் இல்லாவிட்டால் தாமதம் என்று காட்ட ஒன்றுமில்லை.

முதலில் பிறப்புச் சான்றிதழைப் பாரும். பிழை அதிலேயே இருந்தால் பாடசாலையோடு மல்லுக்கட்டிப் பயனில்லை. பிரதேச செயலகத்திலுள்ள மேலதிக மாவட்டப் பதிவாளரிடம்தான் போகவேண்டும். சான்றிதழ் சரியென்றால் அதன் உறுதிப்படுத்திய பிரதி, அடையாள அட்டைப் பிரதி, சமாதான நீதவான் முன் முடித்த சத்தியக்கடதாசி மூன்றையும் இணைத்து அதிபருக்கு எழுதும். பிரதி வலயக் கல்விப் பணிப்பாளருக்கு. இரண்டும் பதிவுத்தபாலில் போகட்டும், துண்டைத் தொலைக்க வேண்டாம்.

பதில் வராவிட்டால் 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டம் இருக்கிறது. பலர் அதில் “திருத்தித் தாருங்கள்” என்று எழுதி ஏமாறுகிறார்கள். அது தகவல் தரும், திருத்தம் தராது. “இன்ன திகதிக் கடிதத்துக்கு என்ன நடவடிக்கை, கோப்பு இப்போது யாரிடம், எந்தச் சுற்றுநிருபத்தின்படி மறுக்கிறீர்கள்” என்று கேளும். அந்த அலுவலகத்தின் தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் முடிவு சொல்லவேண்டும். சொல்லாவிட்டால் 14 நாளுக்குள் மேன்முறையீட்டுக்கென அங்கேயே குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கு மேன்முறையீடு. அதுவும் சரிவராவிட்டால் இரண்டு மாதத்துக்குள் தகவலறியும் உரிமை ஆணைக்குழுவுக்கு. என் கணிப்பில் பாதிக் கோப்புகள் இந்த முதல் கேள்வியிலேயே அசையும்.

மறுப்பு எழுத்தில் வந்துவிட்டால் அன்றிலிருந்து நாட்களை எண்ணும். அடிப்படை உரிமை மனுவை உயர் நீதிமன்றத்தில் ஒரு மாதத்துக்குள் போடவேண்டும். அதே மாதத்துக்குள் வவுனியாவிலுள்ள மனித உரிமைகள் ஆணைக்குழு அலுவலகத்தில் முறையிட்டால், விசாரணை நடக்கும் காலம் அந்த மாதக் கணக்கில் சேராது. நிர்வாக முறைப்பாடுகளை விசாரிக்கும் ஒம்புட்ஸ்மனுக்கும் எழுதலாம், ஆனால் அதற்காக அந்த ஒரு மாதக் கணக்கு நிற்காது.

சட்டத்தரணிகள் மண்டாமுஸ் என்று சொல்லும் எழுத்தாணை, அதாவது கடமையைச் செய் என்று அதிகாரிக்கு நீதிமன்றம் இடும் கட்டளை, கடைசி வழி. மாகாணப் பாடசாலை என்றால் மாகாண மேல் நீதிமன்றம். தேசிய பாடசாலையோ பரீட்சைத் திணைக்களமோ என்றால் கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றம். இடம் மாறிப் போட்டால் மனு அங்கேயே விழும். கேட்டதற்கும் மறுத்ததற்கும் எழுத்துச் சான்று இங்கேயும் வேண்டும். வசதி குறைவென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவைக் கேளும்.

விடுகைப் பத்திரத்தோடு சாதாரண தரச் சான்றிதழின் பிரதியையும் அனுப்பிவையும். அதிலும் அந்தத் திகதியே இருந்தால் பரீட்சைத் திணைக்களத்துக்கும் வேறு கடிதம் எழுதவேண்டி வரும்.

உம்முடைய
பழைய வகுப்புத் தோழன்